முகூர்த்தம் முடியும்வரை நிற்கும் இமை

மதுரையில் மணப்பெண் அலங்காரம் செய்கிற எவரிடமும், ஒட்டிய இமை (செயற்கை இமைமுடிப் பட்டையை நாங்கள் அப்படித்தான் சொல்வோம்) எந்த நேரத்தில் கழலும் என்று கேட்டால் யோசிக்காமல் பதில் சொல்லிவிடுவார்கள். ஹோமம் வளர்க்கும் கல்யாணமென்றால், நெய் விட்டுப் புகை எழும்பி மணமேடையைச் சூழ்ந்து, பெண்ணின் கண் கலங்கத் தொடங்கிய சிறிது நேரத்தில் மூக்கை ஒட்டிய உள்முனை மெல்ல எழும்பும். அது எழும்பியதைப் பெண்ணால் உணர முடியும். ஆனால் கைகள் இரண்டும் சடங்கில் இருக்கும்போது தொட முடியாது. கேமராவோ அந்த முனையைத்தான் முதலில் பிடிக்கும். தாலி கட்டும் நேரத்தில் அலங்காரம் செய்தவர் மேடையேறிப் பெண்ணின் கண்ணில் கைவைப்பதை எந்தக் குடும்பமும் விரும்பாது, விரும்பவும் கூடாது. ஆகவே அந்த நேரத்துக்கான ஏற்பாடு முழுவதையும் அதற்கு முன்பே செய்து முடித்திருக்க வேண்டும். அதிலும் பெரும்பகுதி, பசை டியூபைத் திறப்பதற்கு முன்பே முடிந்துவிட வேண்டிய வேலை. அதைப் பற்றித்தான் இங்கே விரிவாக எழுதுகிறேன்.

என்னிடம் தொழில் பழக வருகிற பெண்கள் பெரும்பாலும் முதலில் கேட்பது, "எந்த கம்முக்கா நல்லா நிக்கும்?" என்பதுதான். நல்ல பசை வேண்டும் என்பதில் சந்தேகமில்லை. ஆனால் ஒரே பசையை ஒரே கை ஒட்டியிருக்க, ஒரு பெண்ணுக்கு இரவு ரிசப்ஷன் முடியும்வரை அசையாமல் நிற்கிறது. இன்னொரு பெண்ணுக்குக் காலைப் பந்தி முடிவதற்குள் எழும்பிவிடுகிறது. இரண்டு பேருக்கும் இடையில் மாறியது பசை இல்லையென்றால், மாறியது அந்தப் பெண்ணின் சொந்த இமைதான். எனவே அந்தப் பெண்களுக்கு நான் முதலில் காட்டுவது கண்ணாடியையும் அவர்களுடைய கண்ணையும்.

மேலிமையின் விளிம்பில், இமைமுடிகளுக்குச் சற்றுப் பின்னால், எண்ணெய் சுரக்கும் நுண்ணிய சுரப்பிகள் வரிசையாக இருக்கின்றன. மெய்போமியன் சுரப்பிகள் என்று கண் மருத்துவத்தில் அவற்றுக்குப் பெயர். மேலிமையில் மட்டும் 25 முதல் 40 வரை இருக்கும். கண்ணீர் சீக்கிரம் ஆவியாகிவிடாதபடி அதன்மேல் ஒரு மெல்லிய எண்ணெய்ப் படலத்தைப் பரப்புவது அவற்றின் வேலை. கண்ணீரோ, கண்ணின் வெளிமுனைக்கு மேலே இருக்கும் சுரப்பியிலிருந்து வந்து, ஒவ்வொரு முறை இமைக்கும்போதும் மூக்கின் பக்கம் தள்ளப்பட்டு, உள்முனையில் இருக்கும் நுண்துளைகள் வழியாக மூக்குக்குள் வடிகிறது. மனிதர் நிமிடத்துக்குச் சுமார் 15 முதல் 20 முறை இமைக்கிறார்கள். அதாவது மணிக்கு ஆயிரம் முறை அளவுக்கு, அந்த ஈரம் உள்முனையை நோக்கியே வந்துகொண்டிருக்கிறது. ஒட்டிய இமை எப்போதும் உள்முனையிலேயே முதலில் கழல்வதற்குக் காரணம் இதுதான். ஒருபுறம் எண்ணெயும் இன்னொருபுறம் நீரும் ஓயாமல் கசிகிற ஒரு விளிம்புக்கு ஒரு மில்லிமீட்டர் மேலே நாம் பசையை வைக்கிறோம் என்பது புரிந்துவிட்டால், எதைச் செய்யலாம், எதைச் செய்யக் கூடாது என்பது பெரும்பாலும் தானாகவே விளங்கிவிடும்.

நம் பக்கத்துக் கல்யாண வழக்கங்களில் இமைக்கு மிகவும் சோதனையாக இருப்பது எண்ணெய்க் குளியல். நலங்கு வைத்து, தலைக்கும் முகத்துக்கும் நல்லெண்ணெய் தேய்த்துப் பெண்ணைக் குளிப்பாட்டுகிற வீடுகள் இன்னும் நிறைய இருக்கின்றன. அதை வேண்டாமென்று சொல்ல எனக்கு உரிமையில்லை, மனமும் இல்லை. ஆனால் சீயக்காய் போட்டு எத்தனை முறை அலசினாலும் புருவத்திலும் இமைமுடியின் அடியிலும் எண்ணெய் தங்கியே இருக்கும். முகூர்த்த நாள் காலையில் எண்ணெய் வைத்தால், கண்ணைச் சுற்றி மட்டுமாவது தடவாமல் விடும்படி பெண்ணின் அம்மாவிடம் முன்கூட்டியே கேட்டுக்கொள்வேன். முந்தைய நாளே அந்தக் குளியலை முடித்துக்கொள்ள முடிந்தால் இன்னும் நல்லது. முறையாக எடுத்துச் சொன்னால் யாரும் மறுப்பதில்லை. இதற்குப் பிறகும், அலங்காரத்தைத் தொடங்கும்போது, எண்ணெய் கலக்காத ரிமூவரில் நனைத்த இயர்பட்டால் இமைமுடியின் வேரோரமாக உள்முனையிலிருந்து வெளிமுனைவரை துடைத்து, உலர்ந்த இயர்பட்டால் மறுபடியும் ஒருமுறை துடைக்க வேண்டும். அந்தப் பஞ்சில் ஏறும் மஞ்சள் நிறப் பிசுக்கைப் பார்த்தவர்கள் அதற்குப் பிறகு இந்த வேலையை ஒருநாளும் விடமாட்டார்கள்.

அடுத்தது மை. மையிடாத கண்ணோடு பெண்ணை மணையில் உட்கார வைக்க நம் ஊரில் யாருக்கும் மனம் வராது. விளக்கெண்ணெய் விளக்கின் கரியை வழித்து, நெய்யோ விளக்கெண்ணெயோ சேர்த்துக் குழைத்த மையைப் பாட்டி கையால் இட வேண்டும் என்று விரும்புகிற குடும்பங்களும் உண்டு. அந்த மை கீழிமையில் மெல்லிய கோடாக இருக்கும்வரை பிரச்சினை இல்லை. மேலிமையின் உள்விளிம்பில் இட்டால், உடல் சூட்டில் அது இளகி, முடிகளினூடே ஏறி, பசையின் அடியைக் கரைக்கத் தொடங்கும். ஒட்டிய இமையைக் கழற்ற நாம் எண்ணெயைத்தானே பயன்படுத்துகிறோம். மேல் விளிம்பு கறுப்பாகத் தெரிய வேண்டுமென்றால் நன்றாக உலர்ந்து இறுகும் வாட்டர்ப்ரூஃப் ஐலைனரைப் போட்டு, அது முழுவதும் காய்ந்த பிறகு அதன்மேல் இமையை ஒட்டுவதே சரி. பிசுபிசுப்பான பென்சில் காஜலை அந்த இடத்தில் நான் எவருக்கும் பயன்படுத்துவதில்லை. ஐஷேடோவும் பவுடரும் இமை ஒட்டுவதற்கு முன்பே முடிந்திருக்க வேண்டும். ஆனால் க்ரீம் வகை எதுவும் முடி வேரின் ஓரம்வரை வரக் கூடாது.

இனி ஒட்டும் இமையின் உடலைப் பார்க்கலாம். கனடாவைச் சேர்ந்த அன்னா டெய்லர் என்பவர் 1911-இல் செயற்கை இமைக்கு அமெரிக்காவில் காப்புரிமை பெற்றார். பிறை வடிவத் துணித்துண்டில் சிறு முடிகளைப் பதித்த அமைப்பு அது. இன்று விளக்குத்தூண் பக்கத்து ஃபேன்ஸி கடைகளில் தொங்கும் ஜோடிகள் வரை அந்த அடிப்படை பெரிதாக மாறவில்லை. முடிகளைத் தாங்கும் பட்டை, நாங்கள் பேண்ட் என்று சொல்வது, சிலவற்றில் கறுப்பு நூலாலும் சிலவற்றில் கண்ணுக்குத் தெரியாத நைலான் இழையாலும் ஆனது. நூல் பேண்ட் பசையை நன்றாகப் பிடிக்கும், ஐலைனரோடு மறைந்துவிடும்; ஆனால் விறைப்பாக இருக்கும். நைலான் பேண்ட் மெலிந்து வளையும். தட்டையாகச் சேமிக்கப்பட்டிருந்தால் நேராக நிமிரத்தான் பார்க்கும். எந்தப் பேண்டாக இருந்தாலும், நிமிர வேண்டுமென்று அது வெளியே தள்ளிக்கொண்டிருக்கிற விசைதான் உள்முனையை எழுப்புகிறது. பசையைக் கூட்டி அந்த விசையை அடக்க முயல்கிறார்கள் பலர். பேண்டையே வளைவுக்குப் பழக்கிவிட்டால் அடக்க எதுவுமே மிஞ்சாது.

அதற்கு நான் செய்வது எளிய வேலை. பெட்டியிலிருந்து ஓரத்தைப் பிடித்து மெல்ல உரித்தெடுத்த இமையின் பேண்டில் ஏற்கனவே இருக்கும் தொழிற்சாலைப் பசையை விரலால் சுரண்டி எடுத்துவிட்டு, ஒரு தடித்த பிரஷ்ஷின் பிடியில் அதைச் சுற்றிச் சில நிமிடங்கள் அப்படியே விட்டுவிடுவேன். அந்த நேரத்தில் முக அலங்காரத்தைத் தொடரலாம். பிறகு எடுத்து இரண்டு முனைகளையும் விரல்களுக்கிடையே பிடித்து, முனைகள் ஒன்றையொன்று தொடும்வரை முன்னும் பின்னும் மடக்கிப் பழக்குவேன். உள்ளங்கையில் வைத்தால் தானாகவே பிறையாக நிற்க வேண்டும். அந்த நிலைக்கு வராத பேண்டை நான் பெண்ணின் கண்ணருகே கொண்டுபோவதில்லை.

அளவு எடுப்பது இதைவிட முக்கியமானது. பசையில்லாமல் இமையைக் கண்ணின்மேல் வைத்துப் பார்த்தால், பெரும்பாலான நம் பெண்களின் கண்ணுக்குப் பெட்டியில் வருகிற நீளம் அதிகமாகவே இருக்கும். உள்முனையிலிருந்து, தானாக முளைத்த முடி எந்த இடத்தில் தொடங்குகிறதோ அதற்கும் இரண்டு மூன்று மில்லிமீட்டர் தள்ளி இமையைத் தொடங்கி, வெளிமுனையில் தன் முடி முடிகிற இடத்துக்குச் சற்று முன்பாகவே நிறுத்திவிட வேண்டும். மிச்சத்தை வெளிமுனைப் பக்கமாகத்தான் வெட்ட வேண்டும். உள்பக்கம் வெட்டினால் அங்கே படிப்படியாகச் சிறுத்துவரும் குட்டை முடிகள் போய்விடும், நீள முடி நேராக மூக்கோரம் வந்து நின்று குத்தும், கண் கலங்கும், கலங்கிய கண்ணின் ஈரமே அந்த முனையை எழுப்பிவிடும். வெளிமுனையில் நீட்டி விட்டாலோ, சிரிக்கும்போது கன்னம் மேலே ஏறி அந்த முனையைத் தள்ளிக்கொண்டே இருக்கும். கல்யாண வீட்டில் ஒரு பெண் எத்தனை முறை சிரிக்க வேண்டியிருக்கிறது என்பதை எண்ணிப் பார்த்தாலே இதன் அவசியம் தெரியும்.

எவ்வளவு அடர்த்தியான இமை வேண்டும் என்பதில் எனக்கும் மணப்பெண்களுக்கும் அடிக்கடி கருத்து வேறுபடும். புகைப்படங்களில் பார்த்த விசிறி போன்ற இமையைக் காட்டி அதேதான் வேண்டும் என்பார்கள். கனமான இமை தன் எடையாலேயே பேண்டைக் கீழே இழுக்கும், ஒவ்வொரு இமைப்பிலும் பசை அந்தச் சுமையைத் தாங்க வேண்டும். இன்னொரு காரணமும் உண்டு. 2015-இல் அமெரிக்காவின் ஜார்ஜியா டெக் ஆய்வாளர்கள் பல பாலூட்டி விலங்குகளின் இமைமுடிகளை அளந்து, காற்றுக் குழாய்ச் சோதனைகளும் செய்து வெளியிட்ட ஆய்வில், முடியின் நீளம் கண்ணின் அகலத்தில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்காக இருக்கும்போது அது கண்ணை உலராமலும் தூசி படியாமலும் நன்றாகக் காக்கிறது என்றும், அதைவிட நீண்டால் காற்றைக் கண்ணை நோக்கித் திருப்பிவிடுகிறது என்றும் கண்டார்கள். மிக நீண்ட இமை ஒட்டிய பெண்கள், மண்டபத்து ஏசிக் காற்றில் கண் எரிகிறது என்று சொல்லி அடிக்கடி இமைப்பதை நான் பார்த்திருக்கிறேன். அந்த ஆய்வைப் படித்தபோது எனக்கு அவர்கள்தாம் நினைவுக்கு வந்தார்கள். நடுவில் கொஞ்சம் நீண்டு, ஓரங்களில் குறுகி, முடிகளுக்கிடையே தோல் தெரியும் அளவுக்கு இடைவெளி உள்ள இமைதான் நம் பெண்களின் கண்ணுக்கு அழகாகவும் இருக்கிறது, நிற்கவும் செய்கிறது. இது என் தீர்மானமான கருத்து.

பெண்ணின் சொந்த முடியையும் மறந்துவிடக் கூடாது. நம்மில் பலருக்கு இமைமுடி நேராகக் கீழ்நோக்கியே வளர்கிறது. அதைக் கர்லரால் வளைத்து, மெல்லிய மஸ்காரா ஒரு பூச்சு கொடுத்து, உலரவிட்ட பிறகே மேலே ஒட்ட வேண்டும். வளைக்காத முடி கீழே ஒரு திசையிலும் ஒட்டிய முடி மேலே ஒரு திசையிலும் நின்றால், பார்க்கவும் இரண்டு வரிசையாகத் தெரியும், இழுவையும் கூடும். ஒட்டிய பிறகு கர்லரை அருகில் கொண்டுவரவே கூடாது.

இப்போது பசைக்கு வரலாம். கடையில் கிடைக்கும் ஸ்ட்ரிப் இமைப் பசைகளில், அதாவது முழுப் பட்டையாக வரும் இமைக்கான பசைகளில், பெரும்பாலானவை ரப்பர் பாலையோ அக்ரிலிக் போன்ற செயற்கைப் பொருளையோ நீரில் கலந்து செய்தவை. நீர் ஆவியாக ஆவியாகத் துகள்கள் ஒன்றோடொன்று சேர்ந்து படலமாகின்றன. வெள்ளையாக இருந்தது தெளிந்து நிறமற்றுப் போகிறது. ஆகவே வைத்தவுடன் ஒட்டினால் அது பசையே அல்ல, வெறும் ஈரம், வழுக்கும். காத்திருந்து, ட்வீசர் நுனியால் தொட்டு எடுத்தால் மெல்லிய நூல் இழுக்கிற பதத்தில் வைக்க வேண்டும். அந்தப் பதம் எத்தனை விநாடியில் வரும் என்பது டியூபில் எழுதியிருப்பதைவிட அறையின் காற்றைப் பொறுத்தது. சித்திரை வைகாசியில் வெயில் 40 டிகிரியைத் தொடும் நாட்களில், மேலே மின்விசிறி முழு வேகத்தில் சுற்றும் அறையில் பசை வைத்தால், காய்ச்சிய பாலில் ஆடை படிவதுபோல மேற்பரப்பு மட்டும் சட்டென்று இறுகிவிடும், உள்ளே ஈரம் அப்படியே இருக்கும். அழுத்தும்போது அந்த ஆடை கிழிந்து இமை நகரும். ஐப்பசி மழையில் இதற்கு நேர்மாறு. நிமிடம் கடந்தும் வெள்ளை மாறாது. வெயில் காலத்தில் மின்விசிறியை நிறுத்தினால் பெண்ணுக்கு வியர்த்துவிடும் என்பதால், காற்று படாத மூலைக்குச் சென்று பசையை வைத்துக்கொண்டு வருவேன். மழைக்காலத்தில் மெல்லியதாகத் தடவி, பொறுமையாகக் காத்திருப்பேன்.

அளவும் கொஞ்சமாகத்தான் வேண்டும். டியூபிலிருந்து நேராகப் பேண்டில் பிதுக்கினால் நடுவில் குவிந்து முனைகள் காய்ந்துபோகும். புறங்கையிலோ சிறு தட்டிலோ ஒரு துளி எடுத்து, மெல்லிய பிரஷ்ஷால் பேண்டின் நீளம் முழுவதும் ஒரே சீராகத் தடவி, இரண்டு முனைகளில் மட்டும் இன்னொரு முறை தொட்டுவைப்பது என் பழக்கம். முனைகள்தானே முதலில் எழும்புகின்றன.

பசையைப் பற்றி ஓர் எச்சரிக்கையை எவ்வளவு அழுத்திச் சொன்னாலும் தகும். ரப்பர் பால், அதாவது லேடெக்ஸ், சிலருக்கு ஒவ்வாது. பலூன் ஊதினாலோ ரப்பர் கையுறை போட்டாலோ அரிக்கும், தடிக்கும் என்று ஒரு பெண் சொன்னால் லேடெக்ஸ் இல்லாத பசையைத்தான் எடுக்க வேண்டும். அப்படி எதுவும் இல்லையென்றாலும் கல்யாணத்துக்கு இரண்டு நாட்களுக்கு முன்பாவது காதின் பின்புறமோ முழங்கையின் உள்மடிப்பிலோ ஒரு துளி தடவிப் பார்க்க வேண்டும். சிவந்தால் அந்தப் பசை அவருக்கு வேண்டாம். தனித்தனி முடியாக வாரக்கணக்கில் நிற்கும்படி ஒட்டுகிற எக்ஸ்டென்ஷன் பசை வேறு. அது சூப்பர் குளூ இனத்தைச் சேர்ந்த சயனோஅக்ரிலேட். நீண்ட நேரம் நிற்குமே என்று அதை எடுத்து ஸ்ட்ரிப் இமையைத் தோலில் ஒட்டுவதும், வீட்டில் பொருள் ஒட்டும் பசையைப் பயன்படுத்துவதும் கண்ணைக் கெடுக்கும் செயல்கள். ஒரு நாள் அலங்காரத்துக்காக ஒரு பெண்ணின் கண்ணை அப்படிப் பணயம் வைக்க எந்தத் தொழில்காரருக்கும் உரிமை இல்லை.

ஒட்டும் நேரத்தை ஒரு கல்யாணத்தின் வழியாகச் சொல்கிறேன். முருகன் தெய்வானையை மணந்த தலம் என்பதால் திருப்பரங்குன்றத்தில் முகூர்த்த நாட்களில் ஜோடி ஜோடியாகக் கல்யாணம் நடக்கும். மேலூர்ப் பக்கத்துப் பெண் ஒருவருக்கு அங்கே அதிகாலை முகூர்த்தம். கோயிலருகே உறவினர் வீட்டு அறையில் குழல்விளக்கு வெளிச்சத்தில் வேலை. வெளியே மழை தூறிக்கொண்டிருந்தது. பெண்ணை நாற்காலியில் நேராக உட்கார வைத்து, தாடையைச் சற்றே உயர்த்தி, கண்ணை மூடாமல் மடியில் வைத்த கண்ணாடியைக் கீழ்நோக்கிப் பார்க்கச் சொன்னேன். கண்ணை இறுக மூடினால் இமைத் தோல் இழுபட்டு நீளும். அந்த நிலையில் ஒட்டிய பேண்ட் கண் திறந்ததும் சுருங்கி மடியும். கீழே பார்க்கும்போது இமை தளர்வாக, தன் இயல்பான வளைவில் இருக்கும்.

வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அவருடைய அப்பத்தாவுக்குப் பொறுக்கவில்லை. "ஏத்தா, கண்ணுல கோந்த வைக்கிறியே, புள்ளைக்கு ஒண்ணும் ஆகாதா?" என்றார். "கண்ணுக்குள்ள போகாது அப்பத்தா, முடிக்கு மேல தோல்லதான் ஒட்டுறேன். ரெண்டு நாளைக்கு முன்னாடியே காதுக்குப் பின்னாடி தடவிப் பாத்தாச்சு" என்றேன். பக்கத்தில் வந்து குனிந்து பார்த்துக்கொண்டே நின்றார். அவர் கேட்டது சரியான கேள்வி. ஒட்ட வேண்டிய இடம் முடியல்ல, முடி வேருக்கு ஒட்டினாற்போல் மேலே இருக்கும் தோல். முடியின்மேல் ஒட்டினால் பேண்ட் தொங்கும். வேரிலிருந்து தள்ளி மேலே ஒட்டினால் இடையில் வெண்கோடு தெரியும்.

பசை நூல் இழுக்கும் பதத்துக்கு வந்ததும் பேண்டின் நடுவை ட்வீசரால் பிடித்து, கருவிழிக்கு நேர் மேலே முதலில் வைத்தேன். அழுத்தவில்லை, தொட்டு நிறுத்தினேன். பிறகு வெளிமுனையைக் கொண்டுவந்து அமர்த்தினேன். கடைசியாக உள்முனை. அங்கே ட்வீசரை விட்டுவிட்டு, மரப் பிடியுள்ள சிறு பிரஷ்ஷின் மழுங்கிய முனையால் அழுத்திப் பிடித்துக்கொண்டேன். "தெறக்கவாக்கா?" என்றார் பெண். "இன்னும் இல்லம்மா, கீழயே பாரு" என்றேன். ஈரக் காற்று என்பதால் அரை நிமிடத்துக்கு மேலாகவே அப்படியே பிடித்திருக்க வேண்டியிருந்தது. உள்முனை இறுகியது தெரிந்த பிறகு, அவருடைய சொந்த முடியையும் ஒட்டிய முடியையும் விரல் நுனிகளால் ஒன்றாகச் சேர்த்து மெல்லக் கிள்ளிவிட்டேன். அதற்குப் பிறகுதான் கண்ணைத் திறந்தார். மேலே, இடது, வலது என்று பார்க்கச் சொல்லி எந்த இடத்திலாவது இழுக்கிறதா, குத்துகிறதா என்று கேட்டேன். குத்துகிறது என்று சொன்னால், எந்த மணமகளாக இருந்தாலும், எவ்வளவு நேரமாகியிருந்தாலும், எடுத்துவிட்டு மறுபடியும் ஒட்ட வேண்டும். குத்துகிற இமை ஒருநாளும் நிற்காது. அது கண்ணீரை வரவழைத்துத் தன்னைத் தானே கழற்றிக்கொள்ளும்.

பேண்டும் தோலும் சேரும் இடத்தில் ஐலைனரை மிக மெல்லியதாக ஓட்டி மறைப்பது கடைசி வேலை. பசை முழுவதும் காயும் முன், அலங்காரம் கலையாமல் இருக்க அடிக்கும் செட்டிங் ஸ்பிரேயை அடிக்கக் கூடாது. அதன் ஈரம் இளகாத பசையையும் இளக்கும்.

பரதநாட்டிய அரங்கேற்றத்துக்கு இமை ஒட்டுவதைத் தனியாகச் சொல்ல வேண்டும். மணப்பெண் ஒரே இடத்தில் உட்கார்ந்திருக்கிறார். நடனமாடும் பெண்ணுக்கோ கண்ணே ஒரு அங்கம். இரண்டு மணி நேரத்துக்கும் மேலாக விழி மேலும் கீழும் பக்கவாட்டிலும் ஓடும், இமை விரியும், சுருங்கும், மேடை விளக்கின் சூட்டில் நெற்றி வியர்வை புருவம் தாண்டி இறங்கும். முழுப் பட்டையாக ஒட்டினால் ஒரு முனை எழும்பியதும் மொத்தமும் அதன் பின்னாலேயே வரும். எனவே இமையை மூன்று துண்டாக வெட்டி, நடுத்துண்டை முதலிலும் ஓரத் துண்டுகளைப் பிறகும், இடையே மயிரிழை அளவு இடம்விட்டு ஒட்டுகிறேன். துண்டுகள் சிறியவை என்பதால் வளைவோடு அப்படியே படிகின்றன. அசைவின் இழுவை ஒரு துண்டிலிருந்து அடுத்ததற்குக் கடப்பதில்லை. ஒன்று கழன்றாலும் மற்ற இரண்டும் நிற்கும், பார்ப்பவர்களுக்கும் தெரியாது. ஆழ்ந்த கண்ணும் கூடுதலாக வளைந்த இமையும் உள்ள மணப்பெண்களுக்கும் இப்போது இந்த முறையையே கையாள்கிறேன். ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் இல்லாததால், பழக வரும் பெண்கள் ஒருவருக்கொருவர் ஒட்டிப் பார்ப்பது அந்த மாதங்களில்தான். அப்போது முதலில் இந்தத் துண்டு முறையைத்தான் கொடுக்கிறேன். இதில் கை பழகினால் முழு இமை எளிதாகிவிடும்.

ஒட்டியாகிவிட்டது, இனி கண்ணீர். பெண் அழுவாள். அம்மா கையைப் பிடித்துக் கொடுக்கும்போது அழாத பெண் அபூர்வம், அழக் கூடாது என்று சொல்ல எனக்கு வாய் வராது. துடைப்பதில்தான் எல்லாம் இருக்கிறது. கைக்குட்டையால் வெளியிலிருந்து மூக்கை நோக்கி இழுத்துத் துடைத்தால் எந்தப் பசையும் தாங்காது. டிஷ்யூவைக் கூர்முனையாக மடித்து, பெண்ணை மேலே பார்க்கச் சொல்லி, கீழிமையின் உள்முனையில் அந்த நுனியைத் தொட்டு வைத்தால் போதும். நீர் காகிதத்தில் தானாக ஏறிவிடும். மேலிமையைத் தொட வேண்டியதே இல்லை. இதை மண்டபத்துக்குப் போகும் முன்பே ஒருவருக்குக் கற்றுக்கொடுத்து, மடித்த டிஷ்யூக்களையும் கொடுத்துவைப்பேன். நாத்தனார் மூன்றாவது முடிச்சுப் போடப் பின்னால் நிற்பவர், அவர் கை அப்போது ஓயாது. ஆகவே பெண்ணின் தங்கையையோ தோழியையோதான் தேர்ந்தெடுக்க வேண்டும். ஹோமப் புகை வரும் திசைக்கு மறுபக்கம் முகத்தைச் சற்றே திருப்பிக்கொள்ளவும் பெண்ணுக்குச் சொல்லிவைக்கலாம்.

அப்படியும் முனை எழும்பிவிட்டால், பழைய பசையின்மேல் டியூபைப் பிதுக்கக் கூடாது. டிஷ்யூ நுனியால் ஈரத்தை எடுத்துவிட்டு, பல்குத்தும் குச்சியின் நுனியில் மிகச் சிறு துளி பசை தொட்டு, அது பதமாகும்வரை காத்திருந்து, எழும்பிய இடத்துக்கு அடியில் மட்டும் வைத்து அழுத்திப் பிடிக்க வேண்டும். பாதிக்கு மேல் கழன்றிருந்தால் இரண்டு கண்ணிலும் எடுத்துவிடுவதே நல்லது. ஐலைனரும் மஸ்காராவும் ஒழுங்காக இருக்கும் கண், ஒரு பக்கம் தொங்கும் இமையைவிடப் பல மடங்கு அழகு.

கழற்றுவதில் பலருக்கும் அவசரம். அசதியில் படுக்கப் போகும்போது பிய்த்து எடுத்தால் சொந்த முடியும் சேர்ந்து வரும். அது மறுபடி முளைத்து வளரப் பல வாரங்கள் ஆகும். லென்ஸ் போட்டவர்கள் முதலில் கையைக் கழுவி லென்ஸை எடுத்துவிட வேண்டும். போடும்போது அலங்காரத்துக்கு முன்பே போட்டிருக்க வேண்டும். பிறகு தேங்காய் எண்ணெயோ எண்ணெய் வகை ரிமூவரோ தொட்ட பஞ்சை மூடிய கண்ணின் மேல் அரை நிமிடத்துக்கு மேல் வைத்திருந்தால் பசை தளரும். வெளிமுனையிலிருந்து மெல்ல உரிக்கலாம். கடைசியில் இமையோரத்தை மிதமான ஃபேஸ்வாஷ் கொண்டு கழுவிவிட வேண்டும். இமையோடு தூங்குவது கூடவே கூடாது. மாலை ரிசப்ஷனுக்கும் அதே இமை என்றால்கூட, மதியம் இடைவெளி இருக்குமானால் கழற்றிக் கண்ணுக்கு ஓய்வு கொடுத்து மறுபடி ஒட்டும்படிதான் சொல்வேன்.

மெட்ராஸ் ஐ வந்த கண்ணுக்கும், இமையோரம் சிவந்து பொருக்குத் தட்டியிருக்கும் கண்ணுக்கும் எத்தனை வற்புறுத்தினாலும் ஒட்ட மாட்டேன். ஒருவர் போட்ட இமையை இன்னொருவருக்குப் போடவும் மாட்டேன், அக்கா தங்கையாக இருந்தாலும். 1976-இல் டாக்டர் ஜி. வெங்கடசாமி பதினொரு படுக்கைகளோடு தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை இருக்கும் ஊர் இது. கண்ணில் எரிச்சலோ வீக்கமோ ஒரு நாளைத் தாண்டி நீடித்தால் கண் மருத்துவரைப் பார்க்க இங்கே எவரும் தயங்க வேண்டியதில்லை.

அதே பெண் தன் இமையை மறுபடி பயன்படுத்த விரும்பினால், பேண்டில் காய்ந்த பசையை ட்வீசரால் முனையிலிருந்து இழுத்தால் பெரும்பாலும் ஒரே இழையாக வந்துவிடும். எண்ணெய்ப் பிசுக்குப் போகும்படி சோப்பு நீரில் நனைத்த இயர்பட்டால் பேண்டை மட்டும் துடைத்து, காற்றில் உலர்த்தி, வாங்கிய பெட்டியின் வளைந்த மேட்டிலேயே வைத்து மூட வேண்டும். டிஷ்யூவில் சுற்றி மேக்கப் பையில் போட்டால் பேண்ட் நிமிர்ந்து, முடி நசுங்கிவிடும். பேண்டில் எங்காவது முடி உதிர்ந்து இடைவெளி தெரிந்தாலோ, மடக்கிப் பழக்கியும் பிறையாக நிற்க மறுத்தாலோ அந்த ஜோடியைப் போட்டுவிட்டுப் புதிது வாங்கிக்கொள்ளலாம்.